விட்டுப்போன நான்காவது

பல்லம்மாவுக்கு இந்த உலகத்தில் ஒரே ஒரு பயம்தான் இருந்தது. நோய் நொடி இல்லை, திருடன் இல்லை, இடி மின்னல் இல்லை. கட்டின கணவர் பகல் நேரத்தில் வீட்டில் இருப்பது.

அவளைப் பல்லம்மா என்று எல்லோரும் கூப்பிட்டது அவளுடைய பல்லைப் பார்த்து அல்ல, தொழிலைப் பார்த்து. பல் டாக்டர்கள் வாயில் அச்செடுத்து அனுப்புவார்கள். அவள் வீட்டின் பின் அறையில் உட்கார்ந்து, மெழுகு உருக்கி, பிளாஸ்டர் ஊற்றி, ஒவ்வொரு பல்லாக வரிசையில் நிறுத்திப் பல்செட் செய்து கொடுப்பாள். மேல் வரிசையும் கீழ் வரிசையும் ஒழுங்காகக் கடிக்கிறதா என்று பார்க்க, நடுவில் ஒரு நீலத்தாளை வைத்து அழுத்துவாள். எந்தப் பல் உயரமாக நிற்கிறதோ அதில் நீலம் ஒட்டும். ஒட்டின இடத்தை ஒரு மயிரிழை அளவுக்குத் தேய்க்க வேண்டும். கை ஆடக்கூடாது. மூச்சைக்கூடப் பார்த்துத்தான் விட வேண்டும். அந்த நேரம் பார்த்து ஒருவர் பின்னால் வந்து நின்று, "பல்லுங்கறது என்ன? பொருளா, உறவா?" என்று கேட்டால் எப்படி இருக்கும்?

அவள் கணவர், தத்துவப் பேராசிரியர், கேட்டிருக்கிறார். இரண்டு வருஷத்துக்கு முன்னால் தத்துவத் துறைக் கட்டடத்துக்கு வெள்ளையடிக்கிறோம் என்று மூன்று வாரம் பூட்டிவிட்டார்கள். பேராசிரியர் மூன்று வாரமும் வீட்டில். முதல் நாள் பிளாஸ்டர் கலக்கிய கிண்ணத்தில் டீயை ஊற்றிக்கொண்டார். அது கல்லாக இறுகினதும், "பாத்தியா, திரவம்ங்கறது ஒரு தற்காலிக நிலைதான்" என்றார். இரண்டாம் நாள், ஓய்வு பெற்ற பஸ் கண்டக்டர் ஒருவர் தம்முடைய புதுப் பல்செட்டைப் போட்டுப் பார்க்க வந்தார்.

"இந்தப் பல்லு உங்களுதா, இல்ல உங்ககிட்ட இருக்கற பல்லா?" என்று பேராசிரியர் கேட்டார்.

"என்னுதுதான் சார். விலை கொடுத்தேனே."

"டிக்கெட்டுக்கு நானும்தான் விலை கொடுத்தேன். பஸ் என்னுதாயிடுச்சா?"

கண்டக்டர் யோசித்தார். நன்றாகவே யோசித்தார். பிறகு பல்செட்டைக் கழற்றி மேசை மேல் வைத்துவிட்டு, போனவர், நாலு நாள் கழித்து மனைவி கையைப் பிடித்துக் கூட்டிவந்த பிறகுதான் திரும்பப் போட்டுக்கொண்டார். பல்லம்மாவின் தொழில் வாழ்க்கையில் ஒருவர் தத்துவக் காரணத்துக்காகப் பல்லைக் கழற்றியது அதுதான் முதல் தடவை.

ஆகவே பேராசிரியருக்கு ஓய்வு பெறும் தேதி நெருங்க நெருங்க, அவள் காலண்டரில் நாட்களை எண்ண ஆரம்பித்தாள்.

ஆனால் ஒரு வழி இருந்தது. துறையில் ஒரு விதி: ஓய்வு பெறுகிற வருஷத்தில் ஆய்விதழில் ஒரு கட்டுரையாவது ஏற்கப்பட்டிருந்தால், அந்தப் பேராசிரியர் தம்முடைய அறையை இன்னும் ஐந்து வருஷம் வைத்துக்கொள்ளலாம். மேசை, நாற்காலி, ஜன்னல், காலை ஒன்பதிலிருந்து மாலை ஐந்து வரை. பல்லம்மாவுக்கு அந்த ஐந்து வருஷம் சொர்க்கவாசல்.

"ஞாயித்துக்கிழமை பத்திரிகையில எழுதறது கணக்குல வராதா?" என்று முன்பே கேட்டிருந்தாள். இருபத்திரண்டு வருஷமாக வாரம் தவறாமல் எழுதுகிறார். வரிசையில் நிற்பது பற்றி, மறந்துவிட்டு வந்த குடை பற்றி, லிஃப்டில் தெரியாதவரோடு ஏன் பேச முடிவதில்லை என்பது பற்றி. ஊரில் பாதிப் பேருக்குத் தத்துவம் என்றால் அந்தப் பக்கம்தான்.

"வராது. அது ஜனங்களுக்குப் புரியுது இல்ல? புரிஞ்சா ஆய்வு இல்ல."

"அப்போ?"

"கவலைப்படாதே. ஆய்விதழ்ல என் கட்டுரை ஒண்ணு ஆறு வருஷமாக் கிடக்கு. இந்த மாசம் முடிவு வந்துடும்னு எழுதியிருக்காங்க. அதை மறுக்க ஒருத்தன் பொறந்துதான் வரணும்."

முடிவு வந்தது. ஓய்வுக்கு இருபத்தாறு நாள் இருக்கையில், சமையலறையில் ரொட்டி கருகிக்கொண்டிருந்தபோது.

"மறுத்துட்டான்!" பேராசிரியர் கடிதத்தை ஆட்டிக்கொண்டே வந்தார். "எவனோ ஒரு மதிப்பீட்டாளன். ஒன்பது பக்கம் திட்டியிருக்கான். ஒன்பது பக்கம்! என் கட்டுரையே எட்டுப் பக்கம்தான்."

"யாரு அது?"

"அதைச் சொல்ல மாட்டாங்க. எழுதினவன் யாருன்னு மதிப்பிடறவனுக்குத் தெரியக்கூடாது, மதிப்பிடறவன் யாருன்னு எழுதினவனுக்குத் தெரியக்கூடாது. பேரைக் கிழிச்சுட்டு நம்பர் போட்டு அனுப்புவாங்க. முடிவாகற வரைக்கும் ஆசிரியருக்கே பேர் தெரியாது. அங்க இருக்கற கிளார்க் நம்பரைப் பார்த்துத் தபால்ல போட்டுடுவார். பேர் தெரிஞ்சா தயவு தாட்சண்யம் வந்துடுமாம்."

"இப்ப அறை?"

"அறையா முக்கியம்? மானம்!"

பல்லம்மாவுக்கு அறைதான் முக்கியமாக இருந்தது. கருகின ரொட்டியைக் கத்தியால் சுரண்டிக்கொண்டே அவள் கணக்குப் போட்டாள். ஐந்து வருஷம், ஒரு நாளைக்கு எட்டு மணி நேரம், "பல்லுங்கறது என்ன?"

அந்த ஞாயிற்றுக்கிழமை பத்திரிகையில் பேராசிரியர் பொங்கியெழுந்தார். தலைப்பு, "முகமூடி போட்ட மூடன்". பெயரில்லாமல் எழுதுகிற மதிப்பீட்டாளர் எல்லோரையும் ஒரு பிடி பிடித்துவிட்டு, தம்மை மறுத்த அந்த ஒருவரை மட்டும் தனியாக எடுத்துத் தோலை உரித்திருந்தார். இருட்டில் கல்லெறிகிறவன் என்றார். மூளை இருக்க வேண்டிய இடத்தில் முத்திரை வைத்திருப்பவன் என்றார். தைரியம் இருந்தால் என் முன்னால் வந்து நிற்கட்டும் என்று முடித்திருந்தார்.

ஊர் இரண்டுபட்டது. கடைக்குப் போனால், "என்னம்மா, அந்த முகமூடி கிடைச்சானா?" என்று கேட்டார் ரொட்டிக்கடைக்காரர். கண்டக்டர் கடிப்பைச் சரிபார்க்க வந்தவர், "யாருன்னு தெரிஞ்சா ஒரு வார்த்தை சொல்லு தங்கச்சி. நீ செஞ்ச பல்லு சும்மாத்தான் இருக்கு, போய் ஒரு கடி கடிச்சுட்டு வந்துடறேன்" என்றார்.

"அண்ணே, அது வெந்த காய்கறிக்குத்தான் செஞ்சது."

"அப்படின்னா திட்டிட்டாவது வரேன்."

பல்லம்மா சிரித்தாளே ஒழிய, மனசு அதில் இல்லை. மறுநாள் ஒரு அச்சு காய்கிற வரைக்கும் சும்மா இருக்க வேண்டியிருந்தது. அந்த ஒன்பது பக்கத்தை எடுத்து வைத்துக்கொண்டு படிக்கத் தொடங்கினாள்.

பேராசிரியரின் கட்டுரை சொன்னது இதுதான்: ஒருவன் அடுத்தவன் எண்ணத்தைத் தன்னுடையது என்று தவறாக நினைக்கலாம். ஆனால் தன்னுடைய எண்ணத்தை, அது எங்கே எந்த வேஷத்தில் வந்தாலும், தன்னுடையது என்று அறியாமல் இருக்கவே முடியாது. பெற்ற பிள்ளையைத் தாய் அறிவது மாதிரி.

மதிப்பீட்டாளர் அதற்கு எழுதியிருந்தார்: "முதலாவதாக, இக்கட்டுரையாளர் மனத்தை ஒரு வீடு என்று நினைக்கிறார். அது ரயில் நிலையம். இரண்டாவதாக, இவர் தரும் உதாரணங்கள் அனைத்தும் அரைவேக்காட்டு முட்டைகள். மூன்றாவதாக, இவர் தம் வாழ்நாளில் மறதியுள்ள மனிதர் ஒருவரைக்கூடச் சந்தித்ததில்லை போலும். ஐந்தாவதாக, இவர் விரைவில் ஓய்வு பெறுவது தத்துவத்துக்கு நல்லது."

பல்லம்மா அந்த இடத்தில் படிப்பதை நிறுத்தினாள். மறுபடி படித்தாள். மூன்றாவதாக. ஐந்தாவதாக. பக்கத்தைத் திருப்பினாள். அங்கே இன்னொரு பட்டியல். ஒன்று, இரண்டு, மூன்று, ஐந்து. ஏழாம் பக்கத்திலும் அப்படியே.

நீலத்தாளில் கடிப்பு விழுந்த மாதிரி இருந்தது அவளுக்கு. முப்பத்தோரு வருஷத்தில் ஆயிரம் வாயின் கடிப்பைப் பார்த்தவள். ஒரு கடிப்பு மாதிரி இன்னொன்று இருக்காது. யாருடையது என்று பல்லைப் பார்க்காமலே சொல்லிவிடுவாள்.

"அடப்பாவி மனுஷா" என்றாள், காய்ந்துகொண்டிருந்த அச்சைப் பார்த்து.

நம்ப முடியாத விஷயமும் இல்லை. தாம் எழுதியதைத் திரும்பப் படிக்கிற வழக்கமே அவருக்குக் கிடையாது. "சாப்பிட்ட தட்டை மறுபடி போய் யாராவது மோந்து பாப்பாங்களா?" என்பார். ஒரு தடவை முடிவெட்டும் கடையில் ஒருவர் பத்திரிகையை உரக்கப் படிக்க, இவர் சோப்பு நுரையோடு எழுந்து, "எந்த மடையன் எழுதினது இது?" என்றாராம்.

"நீங்கதான் சார்."

"நானா? அப்போ முழுசாப் படிப்பா. கடைசியில ஏதாவது சொல்லிச் சமாளிச்சிருப்பேன்."

பல்லம்மா கையைக் கழுவிக்கொண்டு நேரே தத்துவத் துறைக்குப் போனாள்.

துறை அலுவலகத்தில் எல்லாச் சாவியும் ஒரே பெண்ணிடம் இருந்தது. அவளையும் சாவி என்றே எல்லோரும் கூப்பிட்டார்கள். எந்த அறைக்கு எந்தச் சாவி, எந்தப் பேராசிரியருக்கு எந்த மறதி, இரண்டும் அவளுக்கு அத்துப்படி. ஒவ்வொரு கதவிலும் "உள்ளே", "வெளியே" என்று நகர்த்துகிற மரப்பலகை ஒன்று இருந்தது. நம் பேராசிரியர் அதை ஒரு நாளும் நகர்த்தினதில்லை. அவர் வந்ததும் போனதும் நகர்த்துவது சாவிதான்.

"வாங்கக்கா. சார் வகுப்புல இருக்கார். பலகையைப் பார்க்காதீங்க, இன்னும் நகர்த்தல."

"நான் அவரைப் பார்க்க வரல. சார் ஆய்விதழுக்குத் தபால் ஏதாவது அனுப்பினாரா, ரெண்டு மூணு மாசத்துக்குள்ள?"

சாவி தபால் பதிவேட்டைப் புரட்டினாள். "அனுப்பினார். பாருங்க, இந்தத் தேதி. கனமான உறை. எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு, அன்னிக்கு சார் விசிலடிச்சுக்கிட்டே வந்தார்."

"என்னன்னு சொன்னாரா?"

"சொன்னாரே. 'யாரோ ஒரு கத்துக்குட்டி எழுதின கட்டுரையை என்கிட்ட அனுப்பி அபிப்பிராயம் கேட்டாங்க. நாரு நாராக் கிழிச்சுட்டேன். இந்த வருஷம் நான் செஞ்ச ஒரே நல்ல காரியம் இதுதான்'னார். ஏன்க்கா, முகமெல்லாம் ஒரு மாதிரி ஆயிடுச்சு? தண்ணி வேணுமா?"

"அந்தக் கத்துக்குட்டியோடதான் நான் குடும்பம் நடத்தறேன்."

சாவி வாயைப் பொத்திக்கொண்டாள். பொத்தியும் சிரிப்பு வெளியே வந்தது. "ஐயோ அக்கா. முகமூடி?"

"மூச்சு விடாதே. அறை போயிடும்."

அன்று மாலை பேராசிரியர் செருப்பைக் கழற்றினதுமே பல்லம்மா ஒரு தாளையும் பேனாவையும் நீட்டினாள். "கடைக்குப் போகணும். என்னென்ன வாங்கணும்னு எழுதுங்க."

எழுதினார். முதலாவது ரொட்டி, இரண்டாவது முட்டை, மூன்றாவது துணி சோப்பு, ஐந்தாவது தீப்பெட்டி.

"நாலு எங்க?"

"நாலாவதுதான் முக்கியமானது. அதை மனசுல வெச்சிருக்கேன். முக்கியமானதைத் தாள்ல போட்டுத் தொலைக்கக்கூடாது."

"என்ன அது?"

பேராசிரியர் கூரையைப் பார்த்தார். "இப்பத்தான் இருந்தது."

அவள் அந்தப் பட்டியலை ஒரு பக்கமும், ஒன்பது பக்கத்தை மறு பக்கமும் வைத்தாள். "இதுல நாலு எங்க?"

பார்த்தார். "இவனும் விட்டிருக்கான். பாரு, பட்டியல் போடத் தெரியல, என்னை மதிப்பிட வந்துட்டான்."

"இங்க?"

"இங்கயும் விட்டிருக்கான்."

"ஏழாம் பக்கம்?"

அவர் ஏழாம் பக்கத்தைப் பார்த்தார். கடைப் பட்டியலைப் பார்த்தார். பல்லம்மாவைப் பார்த்தார். பிறகு மெல்ல நாற்காலியில் உட்கார்ந்தார்.

"இது தற்செயலா இருக்கலாம்."

"அரைவேக்காட்டு முட்டைன்னு இந்த ஊர்ல வேற யாரு எழுதுவா? தபால் பதிவேட்டுல தேதி இருக்கு. சாவி பாத்துட்டா. விசிலடிச்சுக்கிட்டே போனீங்களாம்."

அவர் ஒன்பது பக்கத்தையும் முதலிலிருந்து படித்தார். முதலில் காது சிவந்தது. மூன்றாம் பக்கத்தில் தலை மெல்ல ஆடத் தொடங்கியது. ஐந்தாம் பக்கத்தில் "அட" என்றார். எட்டாம் பக்கத்தில் தொடையைத் தட்டினார்.

"எவ்வளவு நல்லா எழுதியிருக்கான்!"

"நேத்து வரைக்கும் மூடன்னீங்க."

"நேத்து அவன் யாருன்னு தெரியாதே. என்ன தெளிவு! மனசு வீடில்ல, ரயில் நிலையம். பிரமாதம். அவன் சொல்றதுதான் சரி. என் கட்டுரை சுத்த அபத்தம்."

பல்லம்மா தலையில் கையை வைத்துக்கொண்டாள். "ஏங்க, அந்த ஆசிரியர் உங்க மாணவன்தானே? விஷயத்தைச் சொன்னா உங்க கட்டுரையை ஏத்துக்குவாரே?"

"எப்படி ஏத்துக்கறது? தன் எண்ணத்தை ஒருத்தன் அறியாம இருக்க முடியாதுன்னு எழுதியிருக்கேன். அதை எழுதின நானே அறியல. கட்டுரை தப்புங்கறதுக்கு நான்தான் சாட்சி. இவ்வளவு சுத்தமான எதிர் உதாரணம் தத்துவத்துக்குக் கிடைச்சதே இல்ல!"

"அப்போ அதை எழுதுங்க."

"எதை?"

"இப்ப சொன்னீங்களே, அதை. நான் தப்புங்கறதுக்கு நானே சாட்சின்னு. ரெண்டு பக்கம் போதும். புதுக் கட்டுரை. உடனே அனுப்புங்க. இன்னும் பத்தொன்பது நாள் இருக்கு."

பேராசிரியர் அவளை ஒரு புதுப் புத்தகத்தைப் பார்ப்பது போலப் பார்த்தார். அன்றைக்குக் கடைக்கு யாரும் போகவில்லை.

கட்டுரை இரண்டே நாளில் முடிந்தது. பல்லம்மாவே தபாலில் சேர்த்தாள். ஆய்விதழ் ஆசிரியர் மூன்றாம் நாள் தொலைபேசியில் கூப்பிட்டார். பேராசிரியர் குளித்துக்கொண்டிருந்தார். பல்லம்மாதான் எடுத்தாள்.

"அம்மா, கட்டுரை கிடைச்சுது. நம்பர் போட்டுத்தான் வந்தது, ஆனா முதல் வரியிலேயே சாரோடதுன்னு தெரிஞ்சுடுச்சு. படிச்சுட்டு நாற்காலியிலேருந்து விழுந்துட்டேன். நிஜமாவே விழுந்துட்டேன், முட்டியில கட்டுப் போட்டிருக்கு. சாரோட அந்த முதல் கட்டுரை, பழைய ஆசிரியரோட பீரோவைத் திறந்தப்போ நம்பரோட கிடைச்சது. இந்த விஷயத்துல நிபுணர் யாருன்னு பட்டியலைப் பார்த்து நான்தான் சாருக்கு அனுப்பினேன். மன்னிச்சுக்கோங்க."

"மன்னிக்கறது இருக்கட்டும். போடறீங்களா, இல்லையா?"

"நானாப் போட முடியாதும்மா. ரெண்டு மதிப்பீட்டாளர் சரின்னு சொல்லணும். அதுதான் சிக்கல்."

"என்ன சிக்கல்?"

"பட்டியல்ல சாரைத் தவிர பதினொரு பேர் இருக்காங்க. பதினொரு பேரும் கோபமா இருக்காங்க. சார் ஞாயித்துக்கிழமை எழுதினாரே, முகமூடி போட்ட மூடன்னு, அது தன்னைத்தான்னு ஒவ்வொருத்தரும் நினைக்கறாங்க."

"பதினொரு பேருமா?"

"சார் நடையும் அப்படித்தானே. யாரைத் திட்டினாலும் எல்லாருக்கும் பொருந்தற மாதிரி திட்டுவார். இனிமே தத்துவ விஷயமா எதையும் தொட மாட்டோம்னு எழுதிட்டாங்க. மிச்சம் இருக்கறது ஒரு பேர்தான்."

"யாரு?"

"சார்தான்."

பல்லம்மா குளியலறைக் கதவைப் பார்த்தாள். உள்ளே தண்ணீர்ச் சத்தத்தோடு, "முதலாவதாக" என்று ஏதோ கேட்டது. அவரிடமே கொடுத்தால் நிச்சயம் கிழித்துவிடுவார், சந்தேகமே இல்லை.

"வேண்டவே வேண்டாம். அந்தப் பதினொரு பேரையும் நான் சமாதானப்படுத்தறேன்."

"எப்படிம்மா?"

"வர்ற ஞாயித்துக்கிழமை பத்திரிகையைப் பாருங்க."

தலையைத் துவட்டிக்கொண்டு வந்த பேராசிரியரிடம் விஷயத்தைச் சொன்னாள். அந்த முகமூடி நான்தான் என்று ஊரறிய எழுத வேண்டும், வேறு வழியே இல்லை.

பேராசிரியர் துண்டோடு நிமிர்ந்து நின்றார். "முடியாது. இருபத்திரண்டு வருஷம் ஊருக்குப் புத்தி சொன்னவன் நான். என்னையே நான் ஒன்பது பக்கம் திட்டிட்டு, அப்புறம் திட்டினவனை ஒரு பக்கம் திட்டினேன்னு எழுதவா? ரொட்டிக்கடைக்காரன் சிரிப்பான்."

"சிரிக்கட்டுமே."

"ஆய்விதழ்ல எழுதினா நாலு பேர் படிப்பாங்க, தெரியாமப் போயிடும். பத்திரிகையில எழுதினா ஊரே படிக்கும். மாட்டேன். அறை போனாப் போகட்டும். வீட்டுல உட்கார்ந்து சிந்திக்கறேன்."

பல்லம்மா கூடத்திலிருந்து ஒரு நாற்காலியைத் தூக்கிக்கொண்டு போய்ப் பின் அறையில் தன் நாற்காலிக்குப் பக்கத்தில் போட்டாள். பிறகு வாயில் அச்செடுக்கும் தட்டு ஒன்றை எடுத்தாள். குதிரை லாடம் மாதிரி வளைந்த தட்டு. அதில் மெழுகைச் சூடாக்கி விளிம்பு வரைக்கும் நிரப்பினாள்.

"என்ன அது?"

"உங்களுக்குத்தான். முதல் தேதியிலேருந்து இங்கதான் உட்காருவீங்க. காலையில ஒன்பது மணிக்கு இதை வாயில வைப்பேன். சாயங்காலம் அஞ்சு மணிக்கு எடுப்பேன். மத்தியானம் சாப்பாட்டுக்கு அரை மணி விடுதலை. சிந்திக்கறது எவ்வளவு வேணா சிந்திங்க. எனக்கு ஆட்சேபணை இல்ல."

"இது விவாதமே இல்ல. இது பலவந்தம்."

"வாயைத் திறங்க, அளவு பார்க்கறேன்."

பேராசிரியர் வாயை இறுக மூடிக்கொண்டார். அந்த வீட்டில் அவர் எதிர்வாதம் செய்யாமல் வாயை மூடினது அன்றைக்குத்தான். மூடின வாயோடே எழுத்து மேசைக்குப் போனார்.

அவர் எழுத எழுத அவள் பின்னால் நின்று பார்த்தாள். "முதலாவதாக, அந்த மூடன் நானே. இரண்டாவதாக, அவன் எழுதியது அத்தனையும் உண்மை. மூன்றாவதாக, அவனைத் திட்டியபோது தங்களைத் திட்டியதாக நினைத்துக்கொண்ட அறிஞர்கள் அனைவரிடமும் மன்னிப்புக் கேட்கிறேன். அவர்களில் ஒருவரும் இவ்வளவு பெரிய மூடராக இருந்திருக்க வாய்ப்பில்லை."

பேனா அடுத்த வரிக்குப் போனது. "ஐந்தாவதாக" என்று தொடங்கியது.

"நிறுத்துங்க. நாலு?"

"அது மனசுல..."

"மனசுல வேண்டாம். தாள்ல. இந்த ஒரு தடவை போடுங்க."

அவர் பேனாவைக் கடித்தார். நெற்றியைத் தேய்த்தார். முப்பத்தைந்து வருஷ உத்தியோகத்தில் அவர் எழுதாமல் விட்ட நான்காவதுகள் எத்தனை இருக்கும், அத்தனையையும் தேடுகிற மாதிரி இருந்தது முகம். பிறகு குனிந்து எழுதினார்.

"நான்காவதாக, இதையெல்லாம் கண்டுபிடித்தது நான் அல்ல. பல் செய்கிற ஒருத்தி."

"ஒருத்தியா?" என்றாள் பல்லம்மா. குரல் கொஞ்சம் இறங்கித்தான் இருந்தது.

அவர் அதை அடித்துவிட்டு, "என் மனைவி" என்று எழுதினார்.

ஞாயிற்றுக்கிழமை ஊர் சிரித்த சிரிப்பு அடங்கப் புதன்கிழமை ஆனது. ரொட்டிக்கடைக்காரர் அந்தப் பக்கத்தை வெட்டிக் கடையில் ஒட்டிவிட்டார். கண்டக்டர் வீட்டுக்கே வந்து பேராசிரியரின் கையைப் பிடித்துக் குலுக்கினார். "சார், அன்னிக்குப் பல்லு யாருதுன்னு கேட்டீங்களே, நாலு நாள் தூக்கம் இல்லாம யோசிச்சேன். கட்டுரையே யாருதுன்னு உங்களுக்குத் தெரியலைன்னதும் மனசு லேசாயிடுச்சு. இனிமே எனக்குக் கவலை இல்ல, பல்லு என்னுதுதான்."

பதினொரு அறிஞர்களுக்கும் அதைவிடச் சந்தோஷம். ஆய்விதழ் ஆசிரியர் அவர்களில் இருவரைத்தான் கேட்டிருந்தார். பதினொரு பேரும் மதிப்பீடு அனுப்பிவிட்டார்கள். நாலே நாளில். தத்துவ உலகத்தில் யாரும் எதையும் நாலு நாளில் செய்ததாகச் சரித்திரம் கிடையாது. எல்லா மதிப்பீட்டிலும் ஏறக்குறைய ஒரே வாசகம்: "கட்டுரையாளர் தாம் ஒரு மூடர் என்பதை ஐயத்துக்கு இடமின்றி நிறுவியிருக்கிறார். ஒரு சொல்லைக்கூட மாற்ற வேண்டாம். உடனே வெளியிடவும்."

ஏற்புக் கடிதம் ஓய்வுக்கு இரண்டு நாள் முன்னால் வந்தது. பேராசிரியர் பதினொரு மதிப்பீட்டையும் வரிசையாகப் பரப்பி வைத்துப் படித்தார். "ஒருத்தன்கூட எதிர்த்து ஒரு வார்த்தை எழுதலையே. ஒருமனதா ஏத்துக்கறாங்கன்னா கட்டுரையில ஏதோ கோளாறு இருக்கணும். நான் வேணா ஒரு தடவை மதிப்பிட்டு..."

பல்லம்மா மெழுகுத் தட்டைக் கையில் எடுத்தாள். அவர் பேச்சை மாற்றினார்.

ஓய்வு பெற்றதற்கு மறுநாள் காலை ஒன்பது மணிக்குப் பேராசிரியர் வழக்கம்போல் பையைத் தூக்கிக்கொண்டு துறைக்குக் கிளம்பினார். வாசல் கதவு சாத்துகிற சத்தம் கேட்டது. பிறகு ஒரு சத்தமும் இல்லை. பல்லம்மா அந்த நிசப்தத்தைக் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்து கேட்டாள். அப்புறம் மேல் வரிசையையும் கீழ் வரிசையையும் பொருத்தி, நடுவில் நீலத்தாளை வைத்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு அழுத்தினாள். ஒரே ஒரு கடைவாய்ப் பல்லில் நீலம் ஒட்டியிருந்தது. தேய்க்கக் கருவியை எடுத்தாள்.

தொலைபேசி அடித்தது.

"அக்கா, நான் சாவி பேசறேன். தொந்தரவுக்கு மன்னிச்சுக்கோங்க. சார் அரை மணி நேரமா அவர் அறை வாசல்லயே நிக்கறார்."

"ஏன், சாவி இல்லையா?"

"திறந்துதான் இருக்கு. நான் காலையிலேயே பலகையை 'உள்ளே'ன்னு நகர்த்தி வெச்சுட்டேன், முதல் நாளாச்சே, மங்களமா இருக்கட்டும்னு. அதைப் பார்த்துட்டு, உள்ள யாரோ வேலையா இருக்காங்க, தொந்தரவு பண்ணக்கூடாதுன்னு வெளியிலேயே நிக்கறார். ரெண்டு தடவை கதவைத் தட்டிட்டு, 'மன்னிச்சுக்கோங்க, அப்புறம் வரேன்'னு வேற சொல்லிட்டார். இப்பப் பையைத் தூக்கறார்க்கா. வீட்டுக்குக் கிளம்பற மாதிரி இருக்கு. என்ன பண்ணட்டும்?"

பல்லம்மா கருவியைக் கீழே வைத்தாள்.

"ஒரு நாற்காலி கொண்டுபோய்ப் போடு. உள்ள இருக்கறவர் பெரிய அறிஞர், அஞ்சு மணிக்குத்தான் வெளிய வருவார்னு சொல்லு. காத்துக்கிட்டிருப்பார்."

"பொய்யாச்சேக்கா?"

"எதுடி பொய்? அஞ்சு மணிக்குப் பலகையை 'வெளியே'ன்னு நகர்த்து. சந்திச்சாச்சுன்னு நினைச்சுக்கிட்டு வீட்டுக்கு வந்துடுவார்."